யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்? ‘ஷோ பீப்பிள்’ (1928) மௌனப்படமும் அந்தஸ்து மோகமும்

பழந்திரை (இழையைத் தொடங்கியவர்):

அனைவருக்கும் வணக்கம். மௌனப்பட நகைச்சுவையைப் பற்றி நாம் பேசத் தொடங்கினால் அது பெரும்பாலும் சாப்ளின், கீட்டன், லாய்ட் ஆகிய மூவரோடு முடிந்துவிடுகிறது. அம்மூவரின் தகுதியில் எனக்கு ஐயமில்லை. ஆயினும், அந்தஸ்து மோகத்தையும் தற்பெருமையையுமே முழுப்பொருளாக எடுத்துக்கொண்டு, ஒரு பெண்ணை நடுநாயகமாக நிறுத்தி, மௌனப்படக் காலம் முடியும் தறுவாயில் எடுக்கப்பட்ட ‘ஷோ பீப்பிள்’ பற்றி இக்குழுவில் இதுவரை யாரும் எழுதவில்லை. 1928-இல் எம்ஜிஎம் நிறுவனத்திற்காக கிங் விடோர் இயக்கிய இப்படத்தில் மரியன் டேவிஸ், வில்லியம் ஹெய்ன்ஸ் இருவரும் முதன்மைப் பாத்திரங்களில் நடித்துள்ளனர்.

கதை எளிமையானது. ஜார்ஜியா மாநிலத்திலிருந்து பெகி பெப்பர் என்ற இளம்பெண், கர்னல் என்று தம்மை அழைத்துக்கொள்ளும் தந்தையுடன் காரில் ஹாலிவுட்டுக்கு வந்து சேர்கிறாள். நடிகர் தேர்வு அலுவலகத்தில் தந்தை ஒரு கைக்குட்டையை அவள் முகத்தின் முன்னே பிடித்து, கோபம், துயரம், மகிழ்ச்சி என்று ஒவ்வொன்றாகச் சொல்லி விலக்க, அதற்கேற்ப அவள் முகம் மாற, அங்கிருப்பவர்கள் சிரிப்பை அடக்கிக்கொள்ளப் பாடுபடுகின்றனர். பில்லி பூன் என்ற கோமாளி நடிகனின் உதவியால் ஒரு சிறிய நகைச்சுவைப் பட நிறுவனத்தில் அவளுக்கு வேலை கிடைக்கிறது. முதல் நாளிலேயே, முன்னறிவிப்பு ஏதுமின்றி, சோடாக் குப்பியிலிருந்து பீய்ச்சிய நீர் அவள் முகத்தில் அடிக்கிறது. அவள் அழுகிறாள், பில்லி தேற்றுகிறான், அவள் திரும்பி வந்து நடித்துப் பெயர் பெறுகிறாள். பின்னர் ‘உயர்கலை’ என்று பெயரிலேயே பறைசாற்றும் பெரிய நிறுவனம் அவளை அழைத்துக்கொள்ள, பெகி பெப்பர் ‘பட்ரிசியா பெப்வார்’ ஆகிறாள். பில்லியை அவளுக்குத் தெரியாமல் போகிறது. பிரெஞ்சுப் பிரபு என்று சொல்லிக்கொள்ளும் ஆந்த்ரே என்ற சக நடிகனை மணக்கவும் இசைகிறாள். அந்தப் பிரபுவோ, ஒரு காலத்தில் பில்லிக்கு உணவகத்தில் பரிமாறியவன்.

நான் விவாதிக்க விரும்புவது ஒன்றே. இத்தகைய படங்களைப் பார்க்கும்போது நாம் யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம்? மேலே ஏறியவரைப் பார்த்தா, அவர் ஏறிச் சென்று சேர்ந்த இடத்தைப் பார்த்தா? இவ்விரண்டும் ஒன்றல்ல என்பதும், நல்ல அங்கதத்தையும் வெறும் ஏளனத்தையும் இந்த வேறுபாட்டைக் கொண்டே பிரித்தறிய வேண்டும் என்பதும் என் எண்ணம்.

தென்கரை வாசகன்:

நல்ல இழை. கேள்வியில் இருக்கும் சிக்கல் எனக்கு விளங்கவில்லை. அற்பனுக்கு வாழ்வு வந்தால் அர்த்த ராத்திரியில் குடை பிடிப்பான் என்று நம் முன்னோர் சொல்லி வைத்தது இந்தப் பெகியைப் போன்றவர்களைக் குறித்துத்தானே? தகுதிக்கு மீறிய பெயர், தகுதிக்கு மீறிய கணவன், தன்னைத் தூக்கிவிட்டவனையே மறக்கும் நெஞ்சு ஆகியவற்றைப் பார்த்து உலகம் எப்போதும் சிரித்து வந்திருக்கிறது. படம் அந்தச் சிரிப்பைத் திறம்படச் செய்திருக்கிறது என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை.

நிலாமுற்றம்:

தென்கரை வாசகன் அவர்களுக்கு, அந்தப் பழமொழியை நீங்கள் எடுத்துக் காட்டியது ஒரு வகையில் நன்மையே. சிக்கல் முழுவதும் அதற்குள்ளேயே இருக்கிறது.

குடை என்பது வெயிலுக்கும் மழைக்கும் மட்டும் பிடிக்கப்பட்ட பொருளன்று. வெண்கொற்றக் குடை அரசனுக்குரியது. குடையும் கொடியும் உரிமைகளாக வழங்கப்பட்டன, பறிக்கப்பட்டன. திருவிதாங்கூரில் ஒடுக்கப்பட்ட சாதியினர் குடை பிடிப்பதும் செருப்பு அணிவதும் தடைசெய்யப்பட்டிருந்த காலம் ஒன்று உண்டு. அத்தகைய ஒரு சமூகத்தில், புதிதாகக் குடை வாங்கியவன் அதை நள்ளிரவிலும் விரித்துப் பார்க்கிறான் என்றால், அவனைப் பார்த்து முதலில் சிரிப்பவர் யார்? ஏற்கெனவே குடை வைத்திருப்பவர்தான். ஆகவே ‘தகுதிக்கு மீறிய’ என்று நீங்கள் இரண்டு இடங்களில் எழுதியதை என்னால் கடந்து செல்ல முடியவில்லை. அந்தத் தகுதியை அளந்தவர் யார் என்று கேட்காமல் இத்தகைய படங்களைப் பார்ப்பது நம்மைப் போன்ற சமூகத்தவர்க்குப் பொருந்தாது.

சாப்ளின் இதை நன்கு அறிந்திருந்தார். 1917-இல் வெளிவந்த ‘தி அட்வென்சரர்’ படத்தில் மாடியில் நின்று பனிக்கூழ் உண்ணும் சார்லியின் கால்சட்டைக்குள் அது விழுந்து, அங்கிருந்து வழுக்கி, கீழே அமர்ந்திருக்கும் செல்வச் சீமாட்டியின் கழுத்தில் போய் விழும். 1918-இல் ‘அமெரிக்கன் மேகசின்’ இதழில் எழுதிய கட்டுரையில் இக்காட்சியை அவரே விளக்கியிருக்கிறார். அதே பனிக்கூழ் தரை துடைக்கும் ஏழைப் பெண்ணின் கழுத்தில் விழுந்திருந்தால் பார்வையாளர்கள் சிரித்திருக்க மாட்டார்கள், இரக்கப்பட்டிருப்பார்கள் என்பது அவர் வாதம். உலகில் பெரும்பாலோர் ஏழைகள். கண்ணியத்தையும் ஆடம்பரத்தையும் சுமந்து திரிபவர் நிலைகுலைவது அவர்களுக்கு மகிழ்ச்சி தருகிறது.

இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் ‘ஷோ பீப்பிள்’ எனக்கு ஐயத்தைத் தருகிறது. சிற்றூரிலிருந்து வந்த ஒரு பெண் பெரிய நடிகையாக வேண்டும் என்று விரும்பியதற்காக அவள் முகத்தில் நீர் பீய்ச்சப்படுகிறது. அவள் மறுபடி கோமாளி நடிகனிடம் திரும்பும்வரை படம் அவளை விடுவதில்லை. உன் இடத்தில் நீ இரு என்று சொல்வதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு?

பழந்திரை:

நிலாமுற்றம் அவர்கள் எழுப்பியிருப்பதுதான் இந்த இழைக்கு உயிரான வினா. என் விடையைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும்.

பெகி இப்படத்தில் ஒருமுறை அல்ல, இருமுறை மேலே ஏறுகிறாள். முதலாவது ஏற்றம், ஒன்றுமில்லாமல் வந்த பெண் நகைச்சுவை நடிகையாகச் சம்பளமும் கைத்தட்டலும் பெறுவது. இந்த ஏற்றத்தைப் படம் எள்ளவில்லை என்பதோடு, அதை மிகுந்த பரிவோடும் கொண்டாடுகிறது. முதல் நாள் நீர் முகத்தில் அடித்தபோது அவள் அதிர்ந்து அழுவதை விடோர் அவசரமின்றிக் காட்டுகிறார். அந்த அழுகை நகைச்சுவைக்காக வைக்கப்பட்டதன்று. தன்னைக் கேட்காமல் தன் முகத்தைப் பயன்படுத்திக்கொண்டார்கள் என்ற உண்மையான அவமானம் அதில் இருக்கிறது. அதன்பின் அவள் கண்களைத் துடைத்துக்கொண்டு மீண்டும் தளத்திற்குள் செல்வது முழுக்க முழுக்க அவளுடைய துணிவு.

இரண்டாவது ஏற்றத்தைத்தான் படம் எள்ளுகிறது. அதில் அவள் புதிதாக எந்தத் தொழிலையும் கற்றுக்கொள்வதில்லை. பெயர் மாறுகிறது, வீடு மாறுகிறது, வாய் மாறுகிறது. மேல் உதட்டைச் சற்றே தூக்கி, முன்பற்கள் இரண்டும் தெரிய, முயலைப் போல் ஒரு முகத்தை அவள் பழகிக்கொள்கிறாள். படத்தைப் பார்த்தவர்கள் யாரும் அந்த உதட்டை மறக்க முடியாது. முன்பு சிரித்துக்கொண்டும் ஓடிக்கொண்டும் இருந்த அந்த முகம் இப்போது ஒரே வடிவத்தில் உறைந்து நிற்கிறது. இதற்கிடையே திரையரங்கக்காரர்கள் அவளுடைய படங்களைக் கைவிடத் தொடங்குகிறார்கள் என்று நிறுவனத் தலைவரே எச்சரிக்கிறார். அதாவது, அந்தஸ்து ஏறுகிறது, கலை இறங்குகிறது.

இக்காரணத்தால் இதை ‘உன் இடத்தில் இரு’ என்னும் படமாக நான் கொள்ளவில்லை. இறுதியில் அவள் பழைய சிறிய நிறுவனத்திற்குத் திரும்புவதும் இல்லை. கிங் விடோரே தம் சொந்தப் பெயரில் திரையில் தோன்றி இயக்கும் பெரிய போர்ப் படம் ஒன்றில் அவள் நாயகியாக நடிக்கிறாள். பில்லியையும் அதில் சேர்த்துக்கொள்ளச் செய்கிறாள். உயரத்தை அவள் இழக்கவில்லை. அந்த உதட்டை மட்டுமே விட்டுவிட்டாள்.

இளவேனில்:

இரண்டு ஏற்றங்கள் என்ற பகுப்பு எனக்கு மிகவும் உதவியாக இருக்கிறது. நான் ஜெர்மனியிலிருந்து ஓர் எடுத்துக்காட்டைச் சேர்க்க விரும்புகிறேன்: எர்ன்ஸ்ட் லூபிச் 1919-இல் எடுத்த ‘சிப்பி இளவரசி’.

அமெரிக்கச் சிப்பி வணிகப் பேரரசரான குவேக்கர் என்பவரின் மகள் ஒசி, காலணி மெருகு வணிகரின் மகள் ஒரு பிரபுவை மணந்துகொண்டாள் என்ற செய்தியைப் படித்துவிட்டு, வீட்டில் உள்ள பொருள்களையெல்லாம் உடைத்துத் தள்ளுகிறாள். தந்தையோ சிறிதும் பதறாமல் ‘உனக்கு ஓர் இளவரசனையே வாங்கித் தருகிறேன்’ என்று சொல்லிவிடுகிறார். திருமணத் தரகர் கண்டுபிடிக்கும் இளவரசன் நூக்கி கையில் காசில்லாமல், வாடகை அறையில், துணி துவைத்துக்கொண்டிருக்கிறான். பெண்ணைப் பார்த்துவர அவன் தன் உதவியாளன் யோசெஃபை அனுப்ப, வந்தவனையே இளவரசன் என்று எண்ணி ஒசி திருமணத்தை முடித்துவிடுகிறாள்.

இந்தப் படத்தில் ஏறுகிறவர் யார், இறங்குகிறவர் யார் என்றே சொல்ல முடியாது. பணம் பட்டத்தை வாங்க ஏங்குகிறது. பட்டம் பணத்திற்காகக் காத்திருக்கிறது. காத்திருக்க வைக்கப்பட்ட யோசெஃப், அந்தப் பெரிய கூடத்தின் தரையில் பதித்திருக்கும் கோலத்தின் கோடுகளின் மீதே காலை வைத்து வைத்துச் சுற்றிச் சுற்றி நடந்து பொழுதைப் போக்கும் காட்சியில் லூபிச்சின் மேதைமை முழுவதும் வெளிப்படுகிறது. ஒரு சொல்கூட இல்லாமல், அந்த வீட்டின் பரப்பும் அதன் வெறுமையும் அங்கே ஒரு மனிதன் எவ்வளவு சிறியவனாகிப் போகிறான் என்பதும் நமக்குத் தெரிந்துவிடுகின்றன. குவேக்கர் எதைக் காட்டினாலும் ‘இது என்னை வியக்க வைக்கவில்லை’ என்றே சொல்லிக்கொண்டிருப்பார். எதற்கும் வியக்காமல் இருப்பதே பணக்காரரின் உச்ச கட்டப் பெருமை என்று லூபிச் கண்டுகொண்டிருக்கிறார்.

இப்படம் வெளிவந்த காலத்தையும் எண்ணிப் பார்க்க வேண்டும். 1918 நவம்பரில் ஜெர்மானியப் பேரரசர் முடிதுறந்தார். 1919 ஆகஸ்டில் நடைமுறைக்கு வந்த வைமார் அரசியலமைப்பு பிரபுக்குலச் சலுகைகளை நீக்கி, பட்டங்களைப் பெயரின் ஒரு பகுதியாக மட்டும் வைத்துக்கொள்ள விட்டது. அந்த இரண்டுக்கும் இடையில், 1919 கோடையில், பட்டத்தை விலைக்கு வாங்கும் கதை பெர்லின் திரையரங்குகளுக்கு வந்தது. நிலாமுற்றம் அவர்களின் அளவுகோலால் அளந்தாலும் இப்படம் தேறும். சிரிப்பு முழுவதும் குடை வைத்திருப்பவர்களை நோக்கியே பாய்கிறது.

கரிசல் மணி:

இளவேனில் அவர்கள் சொன்னது சரியே. ‘ஷோ பீப்பிள்’ மீது எனக்கு வேறொரு மனத்தாங்கல் உண்டு. சாப்ளின், டக்ளஸ் ஃபேர்பேங்ஸ், வில்லியம் ஹார்ட், ஜான் கில்பர்ட் என்று ஹாலிவுட்டின் பெரும்புள்ளிகள் அனைவரும் தத்தம் சொந்த முகத்தோடு வந்து போகிறார்கள். தற்பெருமையை எள்ளுவதாகச் சொல்லும் படம், தன் ஊரின் பெருமக்களை வரிசையாக நிறுத்திப் பெருமை கொள்கிறது. ஒரு நிறுவனம் தன்னைத் தானே செல்லமாகக் கிள்ளிக்கொள்வதை அங்கதம் என்று ஏற்க எனக்குத் தயக்கமாக இருக்கிறது.

பழந்திரை:

கரிசல் மணி அவர்களின் தயக்கம் நியாயமானது. அப்பெரும்புள்ளிகள் வரிசையாக அமர்ந்திருக்கும் விருந்து மேசைக் காட்சியை நான் தற்காக்கப் போவதில்லை. அது வெறும் அணிவகுப்புத்தான். ஆனால் மற்ற இரண்டு இடங்கள் அப்படிப்பட்டவை அல்ல.

ஒன்று, சாப்ளின் வரும் இடம். மீசையும் தடியும் இல்லாமல், சாதாரண உடையில், ஒரு சிறிய மனிதர் பெகியிடம் வந்து கையெழுத்துக் கேட்கிறார். அவள் எரிச்சலோடு அவரைப் பொருட்படுத்தாமல் இருக்கிறாள். அவர் யார் என்று பில்லி சொன்னதும் மயங்கி விழுகிறாள். ஒரு மனிதனை மதிக்க முதலில் அவன் பெயரைத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கும் நோய் அவளுக்கு எவ்வளவு முன்னதாகவே தொற்றிவிட்டது என்பதை இங்கே பார்க்கிறோம். உலகின் மிகப் புகழ்பெற்ற முகம், வேடம் இல்லாதபோது யாருக்கும் தெரியாத முகமாகிவிடுகிறது என்பதையும் சாப்ளின் தாமே முன்வந்து காட்டுகிறார்.

மற்றொன்று, மரியன் டேவிஸ் தம்மையே எள்ளிக்கொள்ளும் இடம். படப்பிடிப்பு வளாகத்தில் மரியன் டேவிஸ் என்ற நடிகை காரில் வந்து இறங்குகிறார். பெகி யாரென்று கேட்கிறாள், பெயரைக் கேட்டதும் முகத்தைச் சுளிக்கிறாள். இரண்டு வேடங்களிலும் இருப்பவர் அவரே.

திரைக்குறிப்பு:

இந்த உரையாடலில் இதுவரை வராத ஒருவரைப் பற்றி எழுத வேண்டியிருக்கிறது. அவர் திரையில் தோன்றுவதில்லை. ஆனால் அவரை விட்டுவிட்டால் ‘ஷோ பீப்பிள்’ பாதிதான் விளங்கும்.

மரியன் டேவிஸ் புரூக்ளினில் 1897-இல் பிறந்து, நியூயார்க் மேடைகளில் குழு நடன மங்கையாக வளர்ந்தவர். அமெரிக்கச் செய்தித்தாள் உலகின் பேரதிபரான வில்லியம் ராண்டால்ஃப் ஹெர்ஸ்ட் அவரைத் தம் துணையாக ஏற்றுக்கொண்டார். மணந்துகொள்ளவில்லை, ஏனெனில் அவருக்கு ஏற்கெனவே மனைவி இருந்தார். டேவிஸை முன்னிறுத்துவதற்காகவே காஸ்மோபாலிட்டன் என்ற பட நிறுவனத்தையும் நடத்தினார். ‘வென் நைட்ஹுட் வாஸ் இன் ஃபிளவர்’ (1922), ‘ஜானிஸ் மெரிடித்’ (1924) என்று பெரும் பொருட்செலவில் எடுக்கப்பட்ட வரலாற்றுப் படங்களில், கனத்த உடைகளோடும் இளவரசியின் தோரணையோடும் டேவிஸ் நிற்க வேண்டும் என்பதே அவர் விருப்பமாக இருந்தது. உண்மையில் டேவிஸின் ஆற்றல் நகைச்சுவையில் இருந்தது. அதே 1928-இல் விடோர் அவரை வைத்து எடுத்த ‘தி பேட்ஸி’ படத்தில் மே மர்ரே, லிலியன் கிஷ், போலா நெக்ரி ஆகிய மூன்று நடிகையரையும் அடுத்தடுத்துப் போலச் செய்துகாட்டும் பகுதியைப் பார்த்தவர்கள் இதை ஒப்புக்கொள்வார்கள்.

இப்போது சோடாக் குப்பிக்கு வருகிறேன். திரைக்கதையில் முதலில் இருந்தது சோடா நீர் அன்று. அக்கால நகைச்சுவைப் படங்களின் வழக்கப்படி, கிரீம் நிறைந்த ‘பை’ (pie) என்னும் பண்டம் ஒன்று பெகியின் முகத்தில் எறியப்பட வேண்டும். ஹெர்ஸ்ட் அதற்கு இடங்கொடுக்க மறுத்துவிட்டார். தம் மரியனின் முகத்தில் பை விழுவதை அவரால் ஏற்கவே முடியவில்லை. கடைசியில் பீய்ச்சும் நீர் என்று மாற்றிக்கொண்டே அக்காட்சியைப் படமாக்கியதாக விடோர் தம் தன்வரலாற்றில் எழுதியிருக்கிறார்.

எண்ணிப் பாருங்கள். நகைச்சுவை நடிகை ஒருத்தியை ‘உயர்கலை’ என்ற பெயரில் மேலே இழுத்துச் சென்று அவளுடைய உயிரோட்டத்தைக் கெடுப்பது எவ்வளவு அபத்தம் என்று சொல்லும் படம் இது. அந்தப் படத்தின் நாயகிக்கே, வாழ்க்கையில் அதே செயலைச் செய்துகொண்டிருந்த ஒருவர், படப்பிடிப்பின்போதும் வந்து அதையே செய்தார். வேல்ஸில் ஒரு கோட்டையை 1925-இல் விலைக்கு வாங்கியவர், ஐரோப்பாவின் பழைய மாளிகைகளிலிருந்து மேற்கூரைகளைப் பெயர்த்துக் கொண்டுவந்து கலிஃபோர்னியாவில் தம் சான் சிமியோன் மாளிகையில் பொருத்தியவர் அவர். இளவேனில் அவர்கள் சொன்ன சிப்பி வணிகருக்கும் அவருக்கும் எவ்வளவு தொலைவு இருக்கிறது?

ஆகவே இப்படம் எள்ளும் தற்பெருமை பெகியுடையதாகத் தோன்றினாலும், அதன் ஊற்றுக்கண் அவளிடம் இல்லை என்பதே என் துணிபு. அவளுக்குப் புதுப் பெயர் சூட்டுபவரும், அவளை அழக் கற்றுக்கொள்ளச் சொல்பவரும், பழைய நண்பர்களோடு காணப்படக் கூடாது என்று அறிவுறுத்துபவரும் மற்றவர்கள். திரைக்கு வெளியிலும் அதுவே நடந்தது. ஏறுகிறவரின் ஆசையைவிட, ஒருவரை ஏற்றிவைத்து அழகு பார்க்க விரும்பும் புரவலரின் ஆசையே மிகுந்த கேட்டைச் செய்கிறது என்பதை, படத்தை எடுத்தவர்கள் அறிந்திருந்தார்கள் என்றே நான் நம்புகிறேன். அந்தத் திருமண விருந்துக் காட்சியில் பில்லி உள்ளே புகுந்து மறுபடியும் பெகியின் முகத்தில் நீரைப் பீய்ச்ச, அவள் சினந்து அவன் மீது எறியும் பை குறிதவறிப் போலிப் பிரபுவின் முகத்தில் விழுகிறது. தடைசெய்யப்பட்ட அந்தப் பை, படத்தின் முடிவில், பட்டம் சூடியவனின் முகத்திற்கே போய்ச் சேர்ந்துவிட்டது.

நிலாமுற்றம்:

திரைக்குறிப்பு அவர்களுக்கு மிக்க நன்றி. என் ஐயத்தில் பெரும்பகுதி இப்பதிவால் இடம் மாறியிருக்கிறது, முழுவதும் நீங்கவில்லை. பெகியின் தற்பெருமைக்குப் புரவலர்கள் காரணம் என்றால், படம் அவர்களை ஏன் முகம் தெரியாத அலுவலர்களாகவே வைத்திருக்கிறது? தண்டனை அனைத்தும் அவள் முகத்தில்தானே விழுகிறது? ஹெர்ஸ்டின் பணத்தில் எடுக்கப்பட்ட படத்தில் ஹெர்ஸ்டை எள்ள முடியாது என்பது விளக்கமாகலாம், அது அங்கதத்தின் குறையை நிறைவாக்கிவிடாது.

போலிப் பிரபுவைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். அது கற்பனை மிகையன்று. நடிகை குளோரியா ஸ்வான்சன் 1925-இல் பிரெஞ்சுப் பிரபு ஒருவரை மணந்தார். அவர் தயாரிப்பாளர் மாக் சென்னெட்டின் நகைச்சுவைப் படங்களில் நடித்துவிட்டுப் பின்னர் இயக்குநர் செசில் டிமில்லின் ஆடம்பரப் படங்களுக்குச் சென்றவர் என்பதால், பெகியின் கதைக்கு அவர் வாழ்க்கையே தூண்டுதல் என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. அவர் கணவர் மெய்யாகவே பிரபுக் குலத்தவர். ஆனால் மே மர்ரே 1926-இலும் போலா நெக்ரி 1927-இலும் மணந்துகொண்ட எம்டிவானி சகோதரர்கள், இளவரசர் என்ற பட்டத்தைத் தாங்களே சூட்டிக்கொண்டவர்கள். பெகி பழகிக்கொள்ளும் அந்த உதடும் மே மர்ரேயின் உதடுதான். எள்ளப்படுகிறவர்கள் எல்லாரும் பெண்களாக இருப்பதைக் கவனியுங்கள். பட்டத்திற்கு மயங்கியவர் நகைப்புக்கு உரியவராகிறார். அந்தப் பட்டத்தை வைத்து அவர் செல்வத்தைச் சுரண்டியவருக்கு ஒரு பை மட்டுமே கிடைக்கிறது.

கரிசல் மணி:

ஆண் ஏறுகிறவனைப் பற்றியும் பேச வேண்டும் என்பதற்காக ஹாரல்ட் லாய்டின் ‘சேஃப்டி லாஸ்ட்’ (1923) படத்தை நினைவூட்டுகிறேன். கடிகார முள்ளைப் பிடித்துக்கொண்டு தொங்கும் படிமத்தை அறியாதவர் இல்லை. ஆனால் அவன் ஏன் அந்தக் கட்டடத்தில் ஏறினான் என்பதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். கிரேட் பெண்ட் என்ற சிற்றூரிலிருந்து நகரத்திற்கு வந்து, துணிக்கடையில் வாரம் 15 டாலர் சம்பளத்திற்கு விற்பனையாளனாக இருப்பவன், ஊரில் இருக்கும் காதலிக்குத் தான் பெரிய பொறுப்பில் இருப்பதாக எழுதுகிறான். சம்பளத்தை விழுங்கும் விலையில் நகை வாங்கி அனுப்புகிறான். அவள் நேரில் வந்துவிட, தானே பொது மேலாளர் என்று நடிக்கிறான். கடைக்கு விளம்பரம் தேடித் தருபவருக்கு 1000 டாலர் என்று மேலாளர் சொன்னதைக் கேட்டதால்தான், நண்பனை ஏறவைக்கத் திட்டமிட்டு, இறுதியில் தானே ஏற நேர்கிறது.

லாய்டின் பாத்திரத்தைப் படம் எங்கும் இழிவுபடுத்துவதில்லை. அவனுடைய பொய்யைப் பார்த்துச் சிரிக்கிறோம். அவன் வறுமையைப் பார்த்துச் சிரிப்பதில்லை. பெகிக்குக் கிடைக்காத ஒரு சலுகை அவனுக்குக் கிடைக்கிறது. பொய் சொன்னவனாயினும் அவன் கட்டடத்தின் உச்சியை மெய்யாகவே எட்டிவிடுகிறான். நிலாமுற்றம் அவர்கள் சொன்ன ஆண் பெண் வேறுபாடு இங்கே தெளிவாகத் தெரிகிறது. 1919-இல் நேர்ந்த வெடி விபத்தில் வலக்கையின் கட்டைவிரலையும் சுட்டுவிரலையும் இழந்த பிறகே லாய்ட் இப்படத்தில் நடித்தார் என்பதையும் சேர்த்து எண்ணும்போது, அந்த ஏற்றத்தை வெறும் நகைப்பாகப் பார்க்க எனக்கு மனம் வருவதில்லை.

தென்கரை வாசகன்:

நிலாமுற்றம் அம்மா அவர்களின் பதிவைப் படித்த பிறகு அந்தப் பழமொழியைப் பல நாள் எண்ணிக்கொண்டிருந்தேன். ஒரு கேள்வி மட்டும் கேட்கிறேன். குடை வைத்திருக்கும் உரிமை வேறு, நள்ளிரவில் அதை விரிப்பது வேறு அல்லவா? தனக்கு உதவியவனைத் தெரியாதவன் போல் கடந்து செல்வதை எந்தச் சமூகத்திலும், யார் செய்தாலும், எள்ளத்தானே வேண்டும்? படப்பிடிப்பு இடத்தில் பில்லியின் நகைச்சுவைப் படக்குழுவும் பெகியின் ‘உயர்கலை’ படக்குழுவும் எதிர்ப்படும்போது, ஓடிவந்து பேசும் பில்லியை அவள் இழிவாகப் பேசி விரட்டும் காட்சி சிரிப்பை நிறுத்தி வலியைத் தருகிறது. அந்த வலி இல்லாவிட்டால் அவளை மன்னிக்கவும் நம்மால் முடியாது.

நிலாமுற்றம்:

அந்த வேறுபாட்டை முழு மனத்துடன் ஏற்கிறேன், ஐயா. நன்றி மறப்பதை எள்ளுங்கள், ஏறியதை எள்ளாதீர்கள். என் எதிர்ப்பு, இவ்விரண்டையும் ஒன்றாகக் கலந்து, முன்னதன் பெயரால் பின்னதை அடிக்கும் வழக்கத்தின் மீதுதான்.

இளவேனில்:

இந்த இடத்தில், நடிப்பின் வழியைப் பற்றியும் ஒரு சொல். தற்பெருமை என்பது பேசும் படத்தில் பெரும்பாலும் குரலில் வெளிப்படும்: செயற்கையான உச்சரிப்பு, இரவல் சொற்கள். மௌனப்படத்தில் அவ்வழி அடைபட்டுவிடுவதால், முழுச் சுமையும் உடலின் மீது விழுகிறது. சாப்ளினின் ‘தி கவுண்ட்’ (1916) படத்தில் தையற்கடை உதவியாளன் ஒருவன் செல்வர் வீட்டு விருந்தில் பிரபுவாக நுழைந்து, தர்ப்பூசணித் துண்டைக் கடிக்கும்போது அது காதுவரை நனைத்துவிடாமல் இருக்கக் கைத்துண்டைத் தலையைச் சுற்றிக் கட்டிக்கொள்கிறான். ‘தி ஐடில் கிளாஸ்’ (1921) படத்தில், குடியை விட்டால்தான் திரும்பி வருவேன் என்று மனைவி எழுதிய கடிதத்தைப் படித்த செல்வர் முதுகைக் காட்டித் திரும்பி நின்று குலுங்கிக் குலுங்கி அழுகிறார். மீண்டும் நம் பக்கம் திரும்பும்போது, மதுக்கலவையைக் குலுக்கிக்கொண்டிருந்திருக்கிறார் என்று தெரிகிறது. கண்ணியமான துயரமும் கண்ணியமற்ற பழக்கமும் பின்புறமிருந்து பார்த்தால் ஒன்றுபோலவே இருக்கின்றன.

டேவிஸின் உதடும் இவ்வரிசையில் வைக்கத்தக்கது. பேசும் படமாக இருந்திருந்தால், அவருடைய அந்த முகத்திற்கு ஒரு போலிக் குரலைச் சேர்த்திருப்பார்கள். முகம் தன் கூர்மையை இழந்திருக்கும்.

கரிசல் மணி:

புகழ் மோகத்தைச் சொல்லும் சோவியத் படம் ஒன்றும் உண்டு. ‘மேரி பிக்ஃபோர்டின் முத்தம்’ (1927), செர்கெய் கொமாரோவ் இயக்கியது. 1926-இல் ஹாலிவுட் நடிகை பிக்ஃபோர்டும் அவர் கணவர் ஃபேர்பேங்ஸும் மாஸ்கோ சென்றபோது எடுத்த மெய்யான காட்சிகளை வைத்துக் கட்டிய கதை. திரையரங்கில் நுழைவுச் சீட்டுப் பார்க்கும் கோகா என்பவனை யாரும் மதிப்பதில்லை. பிக்ஃபோர்ட் அவன் கன்னத்தில் முத்தமிட்டவுடன் ஊரே அவனைத் துரத்துகிறது. அவன் எதையும் சாதிக்கவில்லை. புகழ் ஒட்டிக்கொண்டது, அவ்வளவே. இங்கே எள்ளப்படுவது கூட்டம். நிலாமுற்றம் அவர்களுக்கு இப்படம் நிறைவளிக்கும் என்று நினைக்கிறேன்.

பழந்திரை:

அனைவருடைய பதிவுகளுக்கும் நன்றி. திரைக்குறிப்பு அவர்களின் பதிவுக்குப் பிறகு படத்தை மறுபடி பார்த்தேன். நிலாமுற்றம் அவர்களின் கடைசிக் குறையைப் பற்றி மட்டும் எழுதுகிறேன்.

புரவலர்களை விடோர் நேரடியாகத் தொடவில்லை என்பது உண்மை. ஆனால் அவர் தம்மைத் தொட்டிருக்கிறார். பெகியின் முதல் நகைச்சுவைப் படத்தை முன்னோட்டமாகத் திரையிடும் அரங்கில், அதோடு வேறொரு படமும் ஓடுகிறது: ஜான் கில்பர்ட் நடித்த ‘பார்டலிஸ் தி மக்னிஃபிசன்ட்’. 1926-இல் விடோரே இயக்கிய ஆடம்பரமான வரலாற்றுக் காதல் படம் அது. அதைப் பார்த்துப் பெகி மெய்ம்மறந்து, இதுவே கலை என்று உருகுகிறாள், பில்லி சலித்துக்கொள்கிறான். அவள் வழிதவறத் தொடங்கும் இடம் அதுதான். அதற்குக் காரணமாக வைக்க வேறு யாருடைய படத்தையும் விடோர் தேர்ந்தெடுத்திருக்கலாம். தம் படத்தையே வைத்தார். அந்தப் படம் தொலைந்துபோய், 2006-இல் பிரான்சில் ஒரு பிரதி கிடைக்கும்வரை, ‘ஷோ பீப்பிள்’ படத்துக்குள் இருந்த அச்சிறு பகுதியின் வழியாகவும் அது உயிரோடிருந்தது.

முதலாளியை எள்ள இயலாத இடத்தில், இயக்குநர் தம் சொந்த ‘உயர்கலை’யைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தினார் என்று நான் இதைப் புரிந்துகொள்கிறேன். இது நீங்கள் கேட்ட நீதி அன்று. எனினும் பெகியை மட்டும் தனியே நிற்க விட்டுவிடவில்லை.

‘தி பேட்ஸி’யைப் பார்க்காதவர்கள் அதை முதலில் பார்த்துவிட்டு இதற்கு வாருங்கள். டேவிஸ் மே மர்ரேயின் உதட்டை அங்கே ஒரு நிமிடம் விளையாட்டாக அணிந்து கழற்றுவதைக் கண்டவர்களுக்கு, இங்கே பெகி அதைக் கழற்ற முடியாமல் திணறுவது இன்னும் நன்றாக விளங்கும்.